அரசனுக்குப் பல்வலி, கேள்வி ஆமை ஓட்டிடம்

வணக்கம் மக்களே. இன்றைக்கு ஓர் அரசனுடைய பல்வலியிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

காலம் கி.மு. 1200-ஐ ஒட்டி. இடம் வட சீனம், ஹெனான் மாகாணம். இன்றைய அன்யாங் நகரை ஒட்டி ஹுவான் என்று ஓர் ஆறு ஓடுகிறது. அதன் கரையில்தான் ஷாங் வம்சத்தின் கடைசித் தலைநகரம் இருந்தது. அங்கே ஆண்ட வூ டிங் என்ற மன்னனுக்குப் பல் வலித்தது. உடனே ஒரு கேள்வி எழுந்தது: “இது யார் வேலை?”

சந்தேகப்பட்டியலில் நான்கு பேர். அவனுடைய அப்பா, மூன்று பெரியப்பாக்கள். நான்கு பேருமே அவனுக்கு முன்னால் அடுத்தடுத்து ஆண்டவர்கள், நான்கு பேருமே செத்துப் போனவர்கள். அவர்களில் யாருக்கோ கோபம், அதனால்தான் பல் வலிக்கிறது என்பது அவர்களுடைய கணக்கு. ஒவ்வொருவர் பேராகச் சொல்லி, “இவரா? இவர் இல்லையா?” என்று கேட்டிருக்கிறார்கள். ஒரு பெரியப்பாவுக்கு ஒரு நாயைப் பலி கொடுத்து, ஓர் ஆட்டையும் பிளந்து வைக்கலாமா என்றும் கேட்டிருக்கிறார்கள். இது புராணம் இல்லை, பின்னால் வந்த புலவர் எழுதிய கதையும் இல்லை. கேட்டவர்களே ஆமை ஓட்டில் செதுக்கி வைத்த பதிவு. மூவாயிரத்து இருநூறு ஆண்டுக்கு முந்தைய ஒரு பல்வலியை நாம் இன்றைக்கு நேரடியாகப் படிக்கிறோம். எனக்கு இது ஒவ்வொரு தடவையும் உடம்பைச் சிலிர்க்க வைக்கும்.

பழைய சீனத்துச் சடங்கு என்றாலே கன்பூசியஸ், பணிவு, வரிசையாக நின்று வணங்குவது, இப்படித்தான் நம் மனதில் வரும். எல்லாம் ஒழுங்கு. ஆனால் எழுத்தில் நமக்குக் கிடைக்கிற மிகப் பழைய சீனச் சடங்கு அப்படி இல்லை. அதில் பயம் இருக்கிறது, பேரம் இருக்கிறது, கேள்வி மேல் கேள்வி இருக்கிறது. அந்தக் கேள்விகள் எப்படி மெல்ல மெல்ல அட்டவணையாக மாறின என்பதைத்தான் இன்றைக்குப் பேச நினைக்கிறேன்.

முதலில் குறி கேட்கிற முறை. இதோ திரையில் ஒரு படம் போடுகிறேன், பாருங்கள். இது ஆமையின் வயிற்றுப் பக்கத்து ஓடு. தட்டையாக இருப்பதால் வேலைக்கு வசதி. மாட்டின் தோள்பட்டை எலும்பையும் பயன்படுத்தினார்கள். நன்றாகச் சுத்தம் செய்து, தேய்த்து, வழவழப்பாக்கி, பின்பக்கத்தில் வரிசை வரிசையாகச் சின்னக் குழிகள் குடைவார்கள். ஒரு நீளக் குழி, அதை ஒட்டி ஒரு வட்டக் குழி. ஓடு ஓட்டையாகிவிடக் கூடாது, முன்பக்கம் மெல்லிய படலமாக நிற்க வேண்டும். அப்புறம் கேள்வியைச் சொல்லி, அந்தக் குழியில் சூடு வைப்பார்கள். ஓடு வெடிக்கும். முன்பக்கத்தைத் திருப்பினால் ஒரு நெட்டுக்கோடு, அதன் இடுப்பிலிருந்து பக்கவாட்டில் ஒரு கிளைக்கோடு. அதுதான் பதில்.

படத்தில் விரிசலுக்குப் பக்கத்தில் சின்னச் சின்னக் குறிகள் தெரிகின்றன, பார்த்தீர்களா? அவை எண்கள். ஒரே கேள்வியைப் பல தடவை கேட்டு, ஒவ்வொரு விரிசலுக்கும் இது முதல் தடவை, இது இரண்டாவது தடவை என்று எண் போட்டிருக்கிறார்கள். பல ஓடுகளில் வலப்பக்கம் “நடக்கும்” என்றும் இடப்பக்கம் “நடக்காது” என்றும் ஒரே விஷயத்தை இரண்டு விதமாகச் சொல்லிப் பார்த்திருக்கிறார்கள். கேட்ட நாள், குறி கேட்டவரின் பெயர், கேள்வி, மன்னன் விரிசலைப் பார்த்துச் சொன்ன பலன், கடைசியில் உண்மையில் என்ன நடந்தது என்பது வரை செதுக்கிய ஓடுகளும் இருக்கின்றன. எழுத்துக்குள் சிவப்பு அல்லது கறுப்பு நிறம் நிரப்பிய ஓடுகளும் உண்டு.

ஆமை ஓடும் சும்மா கிடைத்துவிடவில்லை. வெளியிலிருந்து காணிக்கையாக வந்தது. யார் எத்தனை அனுப்பினார்கள் என்று ஓட்டின் ஓரத்திலேயே குறித்திருக்கிறார்கள். சுவே என்ற ஒருவர் 250 அனுப்பியதாக ஒரு குறிப்பு இருக்கிறது. ஒரு கேள்வி கேட்பதற்குப் பின்னால் இவ்வளவு பெரிய ஏற்பாடு!

சரி, என் மனதை ரொம்பவே பாதித்த ஓட்டுக்கு வருகிறேன். வூ டிங்குக்குப் பல மனைவியர். அவர்களில் ஒருத்தி ஃபூ ஹாவ். அவளுக்குப் பேறுகாலம். குறி கேட்டவர் பெயரும் சுவேதான், ஆனால் ஓடு அனுப்பின சுவே வேறு ஆள், இவர் வேறு. ஃபூ ஹாவின் பிரசவம் நல்லபடியாக இருக்குமா என்பது கேள்வி. மன்னன் விரிசலைப் பார்த்துவிட்டுச் சொல்கிறான்: டிங் நாளில் பிறந்தால் நல்லது, கெங் நாளில் பிறந்தால் மிக மிக நல்லது. பின்னால் நடந்ததையும் எழுதியிருக்கிறார்கள். 31-ஆம் நாள், ஜியா-யின் என்ற நாளில் பிள்ளை பிறந்தது. நல்லதாக இல்லை. பெண்.

அவ்வளவுதான் எழுதியிருக்கிறது. படித்ததும் எனக்கு நெஞ்சு கனத்துவிட்டது. ஏனென்றால் இந்த ஃபூ ஹாவ் யார் தெரியுமா? படை நடத்தியவள். அவளுடைய ஆட்கள் மூவாயிரம் பேரோடு இன்னொரு பத்தாயிரம் பேரையும் திரட்டிப் போருக்கு அனுப்புவதைப் பற்றி ஓர் எலும்பு பேசுகிறது. தானே முன்னின்று சடங்குகளும் நடத்தியவள். அப்படிப்பட்டவளுக்குப் பெண் பிறந்தது “நல்லதாக இல்லை” என்று பதிவாகியிருக்கிறது.

அவளுடைய சமாதி 1976-ல் கிடைத்தது. அகழாய்வை நடத்தியவர் ஜெங் ஜென்சியாங் என்ற பெண் தொல்லியல் அறிஞர். அன்யாங்கின் பெரிய அரச சமாதிகளை எல்லாம் திருடர்கள் எப்போதோ சூறையாடிவிட்டார்கள். இது மட்டும் தப்பியது. தரையிலிருந்து ஏழரை மீட்டர் ஆழம். உள்ளே 468 வெண்கலப் பொருட்கள், 755 பச்சைக்கல் பொருட்கள், ஆயிரக்கணக்கில் சோழிகள். வெண்கலத்தின் மொத்த எடை மட்டும் சுமார் 1,600 கிலோ. கோடரிகளும் இருந்தன, அவளுடைய பெயர் பொறித்தவை. வெண்கலத்தில் பெரும்பகுதி முன்னோர்க்குப் படையல் வைக்கிற பாத்திரங்கள்: மது ஊற்றுகிறவை, கறி வேகவைக்கிறவை, தானியம் வைக்கிறவை. செத்தவர்களுக்கும் பசி உண்டு, பசித்தால் கோபம் வரும், கோபம் வந்தால் பல் வலிக்கும். அந்த நம்பிக்கையின் மொத்த எடை அந்தக் குழிக்குள் இருந்தது.

கூடவே 16 மனிதர்களும் ஆறு நாய்களும். அவளோடு சேர்த்துக் கொன்று புதைக்கப்பட்டவர்கள்.

இதைக் கடந்து போக எனக்கு மனம் வரவில்லை. இந்தச் சடங்கின் அழகை மட்டும் காட்டுகிற வீடியோக்கள் நிறைய வருகின்றன, வெண்கலத்தின் வேலைப்பாட்டைக் காட்டி முடித்துவிடுகிறார்கள். ஆனால் அதே ஓடுகளில், இந்த முன்னோருக்கு எத்தனை மாடு, எத்தனை ஆடு, எத்தனை சியாங் ஆட்கள் என்று ஒரே மூச்சில் கேட்டிருக்கிறார்கள். சியாங் என்பவர்கள் மேற்கே வாழ்ந்தவர்கள். போரில் பிடிபட்டவர்களை இழுத்து வந்து பலி கொடுத்தார்கள். நமக்குக் கிடைத்த ஓடுகளில் சொல்லியிருப்பதைக் கூட்டினாலே 13,000 பேருக்கு மேல் வருகிறது. அரச இடுகாட்டில் 1976-ல் தோண்டிய 191 குழிகளில் மட்டும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் இருந்தன. அண்மையில் பலியானவர்களின் எலும்பை வேதியியல் முறையில் ஆராய்ந்தார்கள். வெளியூர்க்காரர்கள், ஆனாலும் கொல்லப்படுவதற்கு முன் சில ஆண்டுகள் அன்யாங்கிலேயே இருந்து அந்த ஊர்ச் சாப்பாட்டைச் சாப்பிட்டவர்கள் என்று தெரிந்தது. பிடித்த கையோடு கொல்லவில்லை, வேலை வாங்கிவிட்டுக் கொன்றிருக்கலாம் என்கிறார்கள் ஆய்வாளர்கள். மனைவியின் பிரசவத்துக்காகக் கவலைப்பட்ட அதே மன்னனின் காலம்தான் இதுவும்.

இவர்களுக்குக் கடவுள் இல்லையா என்றால், உண்டு. டி என்று பெயர். மழை, காற்று, இடி, விளைச்சல், போரில் வெற்றி எல்லாம் அவன் கையில். ஆனால் அவனுக்கு நேரடியாகப் படையல் வைத்ததாக அனேகமாக எங்கேயும் காணோம். ஆறு, மலை இவற்றுக்கு உண்டு, முன்னோர்க்கு ஏராளமாக உண்டு. டி எட்டாத உயரத்தில் இருந்தான். முன்னோர்தான் கிட்டத்தில் இருந்தார்கள், அதனால் அவர்களிடம்தான் பேச்சு. மனு கொடுத்தால் மேலே சேர்ப்பிக்கிற இடத்தில் தாத்தாவும் அப்பாவும் இருந்தார்கள்.

இந்த முன்னோர்க்கெல்லாம் செத்த பிறகு ஒரு நாளின் பெயர் கிடைக்கும். அன்றைக்கு வாரம் என்பது பத்து நாள். ஒவ்வொரு முன்னோருக்கும் அந்தப் பத்தில் ஒரு நாள் சொந்தம், அந்த நாளில் அவருக்குப் படையல். இங்கேதான் நான் சொல்ல வந்த மாற்றம் ஒளிந்திருக்கிறது.

வூ டிங் காலத்து ஓடுகளைப் பாருங்கள். பல்வலி, காதுவலி, கனவு, மழை, அறுவடை, வேட்டை, போர், பிரசவம், புது ஊர் கட்டலாமா என்பது வரை எதை வேண்டுமானாலும் கேட்டிருக்கிறார்கள். அவன் பிள்ளைகள் காலத்துக்கு வந்தால் படையல் முறைப்படுகிறது. ஐந்து வகைச் சடங்கு, இந்த முன்னோருக்கு இந்த நாள் என்று ஒரு சுற்று அமைகிறது. கடைசி மன்னர்கள் காலத்தில் அந்தச் சுற்று ஒரு தடவை முடிய 36 அல்லது 37 வாரம், அதாவது ஏறக்குறைய ஒரு வருடம். கேள்விகளோ சுருங்கிவிடுகின்றன. “வரும் பத்து நாளில் தீங்கு இல்லை” என்று ஒரே வாசகம் திரும்பத் திரும்ப வருகிறது. பதிலும் பெரும்பாலும் நல்லதே. எழுத்து சின்னதாகி, வரிசை நேராகி, ஓடு பார்க்க அழகாகிவிடுகிறது. என்னைக் கேட்டால், பயம் அடங்கிவிட்டது என்பேன். இன்ன நாளில் இன்னாருக்குப் படையல் போய்விடும், அவருக்குக் கோபம் வர வழியில்லை. அப்புறம் எதற்குக் கேள்வி?

சிலர் இதையெல்லாம் மூடநம்பிக்கை என்று ஒரு சொல்லில் தள்ளிவிடுவார்கள். எனக்கு அது ஒப்பாது. தேதி போட்டு, கேட்டவர் பெயர் போட்டு, நடந்ததை எழுதி, ஓட்டைப் பத்திரப்படுத்திய மனிதர்கள் அவர்கள். 1936 ஜூன் மாதம் அன்யாங்கில் ஒரே குழியில் 17,096 துண்டுகள் கிடைத்தன, பெரும்பாலும் வூ டிங் காலத்தவை. அங்கேயே பிரித்தெடுக்க முடியாமல் மண்ணோடு ஒரே கட்டியாகப் பெயர்த்து நான்ஜிங்குக்குக் கொண்டு போனார்கள். அடுத்த வருடமே ஜப்பானியப் படையெடுப்பு வந்து அகழாய்வு நின்றுபோனது.

அதற்கும் முன்னால் இந்த ஓடுகள் எல்லாம் “டிராகன் எலும்பு” என்ற பெயரில் மருந்துக் கடைக்குப் போய்க்கொண்டிருந்தன, பொடியாக இடித்துச் சாப்பிட! 1899-ல் பெய்ஜிங்கில் வாங் யிரோங் என்ற அறிஞர் இவற்றில் இருப்பது பழைய எழுத்து என்று கண்டுகொண்டு வாங்கிச் சேர்த்தார். அடுத்த ஆண்டே வெளிநாட்டுப் படைகள் பெய்ஜிங்குக்குள் நுழைந்தபோது அவர் உயிரை மாய்த்துக்கொண்டார். 1917-ல் வாங் குவோவெய் இந்த ஓடுகளில் இருந்த மன்னர் பெயர்களை வரிசைப்படுத்திப் பார்த்தார். ஆயிரம் ஆண்டு கழித்து சிமா சியென் எழுதிய வரலாற்றில் உள்ள ஷாங் மன்னர் பட்டியலோடு அது பெருமளவு ஒத்துப் போனது. ஷாங் வெறும் கதை என்ற வாதம் அதோடு வலுவிழந்தது.

சுமார் கி.மு. 1046-ல் மேற்கிலிருந்து வந்த ஜோவ் குலத்தார் ஷாங்கை வீழ்த்தினார்கள். முன்னோர்க்குப் படையல் தொடர்ந்தது, ஆனால் “எங்களுக்கு ஆட்சி கொடுத்தது வானம், தீய மன்னனிடமிருந்து அதைப் பறித்ததும் வானம்” என்று புதுப் பேச்சு வந்தது. வானத்தைத் திருப்திப்படுத்தப் பலி மட்டும் போதாது, நடத்தையும் வேண்டும் என்றானது. மனிதப் பலி மெல்லக் குறைந்தது, ஆனால் ஒழியவில்லை. கி.மு. 621-ல் சின் நாட்டு மன்னன் மூ செத்தபோதும் 177 பேரைக் கூடவே அனுப்பினார்கள்.

கன்பூசியஸ் வருவது வூ டிங்குக்கு ஏறக்குறைய எழுநூறு ஆண்டு கழித்து. அவருடைய லூ நாட்டில் அமாவாசை தோறும் முன்னோர் கோயிலில் நடக்க வேண்டிய ஒரு சடங்கு நின்றுபோயிருந்தது. ஆனால் அதற்கான ஆட்டை மட்டும் விடாமல் வெட்டிக்கொண்டிருந்தார்கள். சடங்கே இல்லை, ஆடு எதற்கு என்று அதையும் நிறுத்தப் பார்த்தார் அவருடைய சீடர் சிகோங். கன்பூசியஸ் மறுத்துவிட்டார்: “உனக்கு ஆட்டின் மேல் பிரியம், எனக்குச் சடங்கின் மேல் பிரியம்.”

நான் பல நாள் சிகோங் பக்கம்தான் நின்றேன். பாவம் அந்த ஆடு என்பதுதான் என் எண்ணமும். இப்போது கன்பூசியஸின் கவலையும் புரிகிறது. ஆட்டையும் நிறுத்திவிட்டால் அப்படி ஒரு சடங்கு இருந்ததே மறந்துபோகும், ஆடு இருக்கிறவரை யாராவது ஒருவர் “இது எதற்கு?” என்று கேட்பார் என்று அவர் நினைத்திருக்க வேண்டும். கேட்பதில் ஆரம்பித்த சடங்கு அட்டவணையாகி, அட்டவணையும் உதிர்ந்து, ஓர் ஆட்டில் வந்து நின்றிருக்கிறது. அந்த ஆடு இருக்கட்டும் என்று அவர் சொன்னது சரியா, சிகோங் சொன்னது சரியா? உங்கள் கருத்தைக் கீழே எழுதுங்கள், நான் எல்லாவற்றையும் படிப்பேன்.

அடுத்த வீடியோவில் கி.மு. 433-ஐ ஒட்டிச் செத்த செங் நாட்டு யி என்ற சிற்றரசனின் சமாதிக்குப் போகலாம். 65 வெண்கல மணிகள், ஒவ்வொரு மணியிலும் இரண்டு சுரம். பக்கத்துப் பெட்டிகளில் 21 பெண்கள். அந்த இசையைப் பற்றியும் அந்தப் பெண்களைப் பற்றியும் பேச வேண்டும். வருகிறேன்.