கயிற்றில் தொங்கிக்கொண்டு காலால் வரைந்தவர்!

[திரையில்: தரையில் விரித்த கேன்வாஸ், மேலே தொங்கும் கயிறு]

கூரையிலிருந்து தொங்கும் கயிற்றைப் பிடித்தபடி ஒருவர் ஊசலாடுகிறார். காலடியில் கட்டி கட்டியாகச் சிவப்பு எண்ணெய் வண்ணம். வழுக்குகிறார், சுழல்கிறார், உதைக்கிறார். படம் முடிந்தது! இந்த ஆளின் படம் ஒன்று 2014இல் பாரிஸ் ஏலத்தில் 30 லட்சம் யூரோவுக்கு மேல் போனது. 'இதை நானே செய்வேனே' என்று கமெண்ட் அடிக்கக் கை துறுதுறுக்கிறதா? கொஞ்சம் பொறுங்கள்.

பெயர் காசுவோ ஷிராகா. 1924இல் ஜப்பானின் அமகசாகியில், கிமோனோ வியாபாரக் குடும்பத்தில் பிறந்தவர். கியோட்டோவில் மரபு ஓவியம் படித்தார். போர் முடிந்தது. 1955இல் ஓவியர் ஜிரோ யோஷிஹாரா நடத்திய 'குதாய்' என்ற புதுமைக் கலைஞர் குழுவில் சேர்ந்தார். யாரையும் காப்பியடிக்காதே என்பதுதான் அங்கே சட்டம்.

சரி, ஏன் கால்?

முறையாகப் படித்த கைக்கு எல்லாம் தெரியும். எங்கே கோடு வளைய வேண்டும், எங்கே இடம் விட வேண்டும் என்று அது தானாகவே அழகு பண்ணிவிடும். ஷிராகாவுக்கு அதுதான் தொல்லை. தூரிகையை விட்டுவிட்டு விரலால் வரைந்து பார்த்தார். விரலும் படித்த விரல்தானே! 1954 வாக்கில் காலுக்கு வந்தார். கால் எந்தக் கலைக்கல்லூரிக்கும் போகவில்லை. எண்ணெய்க் குளியல் நாளில் குளியலறைத் தரையில் நிற்பதுபோல, வண்ணத்தின் மேல் நிற்கவே முடியாது. அதற்குத்தான் கயிறு. உடல் எடையில் ஒரு பகுதியைக் கயிறு வாங்கிக்கொண்டால் கால் இஷ்டத்துக்கு ஓடும். படங்களை அருகில் பாருங்கள்: குதிகால் இழுத்த பள்ளம், விரல்கள் ஒதுக்கிய வரம்பு, ஓரத்தில் மலைபோல் குவிந்த வண்ணம். அமெரிக்காவின் ஜாக்சன் போலாக்கும் தரையில் விரித்துத்தான் வரைந்தார், ஆனால் வண்ணத்தை மேலிருந்து சொட்டவிட்டார். நம்மவர் உள்ளேயே இறங்கிவிட்டார். என் ஓட்டு இவருக்குத்தான்.

[திரையில்: சேற்றில் புரளும் கறுப்பு வெள்ளைப் படம்]

1955 அக்டோபரில் டோக்கியோவில் இன்னும் ஒரு படி மேலே போனார். வண்ணமும் இல்லை, கேன்வாஸும் இல்லை. ஏறக்குறைய ஒரு டன் சேறு. அரைக்கால் சட்டையோடு அதற்குள் விழுந்து மல்லுக்கட்டினார். உடம்பெல்லாம் சிராய்ப்பு. அவர் எழுந்துபோன பிறகு கிடந்த குழிகளும் மேடுகளும்தான் கண்காட்சிப் பொருள். மறுநாள் காவலாளி கூட்டித் தள்ளாமல் இருந்ததே பெரிய விஷயம் என்று நினைக்கிறேன்.

1963இல் கேன்வாஸில் காட்டுப்பன்றித் தோலை ஒட்டி அதன் மேல் சிவப்பைக் கொட்டினார். 1971இல் ஹியெய் மலையில் பௌத்தத் துறவியானார், வரைவதை விடவில்லை. 1972இல் யோஷிஹாரா இறந்ததும் குதாய் கலைந்தது. 2008இல் இவரும் மறைந்தார்.

இவ்வளவு பேசும்போது ஒருவரை விட்டுவிடுகிறார்கள்: மனைவி ஃபுஜிகோ. அவரும் குதாய் ஓவியர்தான். ஜப்பானியக் காகிதத்தைக் கிழித்தும் ஒட்டியும் அற்புதமான படங்கள் செய்தார். 1961இல் தன் கலையை நிறுத்திவிட்டுக் கணவருக்குத் துணையாக நின்றார். கயிற்றில் தொங்குபவர் குனிந்து வண்ணம் எடுக்க முடியாதே, ஒரு கை வேண்டாமா? கையெழுத்து மட்டும் ஒருவருடையது. நியாயமா? கீழே எழுதுங்கள். ஃபுஜிகோவுக்குத் தனி வீடியோ வேண்டுமென்றால் அதையும் சொல்லுங்கள், போட்டுவிடலாம்.