ரக்பி மைதானத்திலிருந்து செனட்டுக்கு: டேவிட் போகாக்

வணக்கம் மக்களே. இன்றைக்குப் பேசப்போவது டேவிட் போகாக் பற்றி. ரக்பி பார்ப்பவர்களுக்கு அறிமுகமே வேண்டாம். பார்க்காதவர்களுக்குச் சொன்னால், ஆஸ்திரேலிய தேசிய அணிக்குக் கேப்டனாக இருந்தவர், இப்போது அந்த நாட்டு செனட்டில், அதாவது நாடாளுமன்ற மேலவையில், சுயேச்சை உறுப்பினர். 'விளையாட்டில் பேர் வாங்கினார், அந்தப் பேரை வைத்து ஓட்டு வாங்கினார்' என்று இவர் கதையைப் பலர் ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. ஆள் விளையாடிக்கொண்டிருந்தபோதே முழு அரசியல்வாதிதான். சம்பளம் மட்டும்தான் வேறு இடத்திலிருந்து வந்தது.

வளர்ந்தது ஜிம்பாப்வேயில், குடும்பப் பண்ணையில். அங்கே வெள்ளையர்களின் பண்ணைகளை அரசு கையகப்படுத்திய காலத்தில் இவர்களும் நிலத்தை இழந்து, 2002-ல் பிரிஸ்பேனுக்குக் குடிபெயர்ந்தார்கள். பள்ளி ரக்பி, அப்புறம் வெஸ்டர்ன் ஃபோர்ஸ் அணி. 2008-ல் ஹாங்காங்கில் நியூசிலாந்துக்கு எதிராக முதல் டெஸ்ட் (ரக்பியில் நாடுகளுக்கிடையே நடக்கும் ஆட்டத்துக்கு அதுதான் பேர்). இதெல்லாம் மளமளவென்று நடந்துவிட்டது.

அவருடைய ஆட்டத்தைக் கொஞ்சம் விளக்கியாக வேண்டும். பந்தை வைத்திருப்பவரை மடக்கித் தரையில் சாய்த்துவிட்டால், அவர் பந்தை விட்டுவிட வேண்டும் என்பது விதி. அந்த ஒரு நொடிக்குள், காலில் நின்றபடி குனிந்து, கையால் பந்தைப் பிடுங்க எதிரணிக்கு உரிமை உண்டு. விழுந்தவர் விடவில்லை என்றால் பெனால்டி. கேட்க சுலபமாக இருக்கும். ஆனால் குனிந்து நிற்கிற அந்த ஆளை அப்புறப்படுத்த நூறு கிலோ ஆட்கள் ஓடிவந்து கழுத்திலும் முதுகிலும் மோதுவார்கள். போகாக் நகரவே மாட்டார். வேர்விட்ட மரம் மாதிரி நிற்பார். 2011 உலகக் கோப்பை காலிறுதி, வெலிங்டன். ஆட்டம் முழுக்கப் பந்து பெரும்பாலும் தென்னாப்பிரிக்காவின் கையில்தான். ஆனால் போகாக் அதைப் பிடுங்கிக்கொண்டே இருந்தார். ஜெயித்தது ஆஸ்திரேலியா, 11-9. நடுவர் இவருடைய விதிமீறல்களைக் கண்டுகொள்ளாமல் விட்டார் என்று தென்னாப்பிரிக்க ரசிகர்கள் இன்றும் திட்டுவார்கள். அதில் கொஞ்சம் நியாயமும் இருக்கிறது, மறைக்க வேண்டாம்.

அடுத்து முழங்கால் தசைநார் கிழிந்து 2013, 2014 இரண்டு வருடமும் பெரும்பாலும் வெளியே. மற்றவர்களாக இருந்தால் உடம்பைத் தேற்றிக்கொண்டு வாயை மூடிக்கொண்டு இருப்பார்கள். இவர் 2014 நவம்பரில் நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் மால்ஸ் க்ரீக் நிலக்கரிச் சுரங்கத்துக்குப் போய், மண் தோண்டும் ராட்சத இயந்திரத்தில் தன்னைப் பூட்டிக்கொண்டார். மணிக்கணக்கில் அப்படியே இருந்து, கடைசியில் கைதானார். ரக்பி சங்கம் எழுத்துபூர்வமாக எச்சரிக்கை கொடுத்தது. அடுத்த வருடம் உலகக் கோப்பை இருக்கிற நேரம் இது, யோசித்துப் பாருங்கள்!

2015 மார்ச்சில் இன்னொன்று. ஆட்டத்தின் நடுவே எதிரணி வீரர் ஒருவர் ஓரினச்சேர்க்கையாளர்களைக் கேவலப்படுத்தும் வார்த்தையைச் சொன்னார். போகாக் நேராக நடுவரிடம் போய்ப் புகார் செய்தார், அதுவும் ஒலிவாங்கியில் பதிவாகும்படி. அந்த வீரருக்கு அபராதம் விழுந்தது. 'மைதானத்தில் நடப்பது மைதானத்தோடு போகட்டும்' என்று முணுமுணுத்தவர்கள் நிறைய. ஆனால் இந்த விஷயத்தில் அவர் பேச்சோடு நிற்பவர் இல்லை. 2010-லேயே அவரும் துணைவியும் விழா நடத்திச் சேர்ந்து வாழத் தொடங்கினார்கள், சட்டப்படி பதிவு மட்டும் செய்யவில்லை. ஒரே பாலினத்தவருக்கும் அந்த உரிமை வரட்டும் என்று காத்திருந்தார்கள். 2017 கடைசியில் சட்டம் வந்தது. அதன் பிறகுதான் பதிவு செய்தார்கள்.

சரி, தேர்தலுக்கு வருவோம். கான்பெரா இருக்கிற தலைநகரப் பகுதிக்கு செனட்டில் மொத்தமே இரண்டு இடம். 1975-லிருந்து இரண்டு பெரிய கட்சிகளுக்கும் ஆளுக்கொன்று: ஒன்று லேபருக்கு, ஒன்று லிபரலுக்கு. யார் நின்றாலும் இதுதான் முடிவு. இடம் கிடைக்க மூன்றில் ஒரு பங்கு ஓட்டு வேண்டும். 2022-ல் முதல் விருப்ப ஓட்டில் லிபரல் அமைச்சர் செட் செசெல்யாவுக்குக் கிட்டத்தட்ட 25 சதவீதம், போகாக்குக்கு 21. பார்த்தால் தோல்வி. ஆனால் ஆஸ்திரேலியாவில் வாக்காளர்கள் இரண்டாவது, மூன்றாவது விருப்பத்தையும் குறிப்பார்கள். கிரீன்ஸ் கட்சியும் மற்ற சுயேச்சைகளும் வெளியேற வெளியேற அந்த ஓட்டுகள் இவர் பக்கம் வந்தன. செசெல்யா போனார். அந்தப் பகுதியின் முதல் சுயேச்சை செனட்டர் இவர்தான்.

இன்னொரு காரணமும் உண்டு. கருணைக்கொலை பற்றித் தலைநகரப் பகுதி தானே சட்டம் போடக் கூடாது என்று மத்திய நாடாளுமன்றம் 1997-ல் தடை போட்டிருந்தது. மாநிலங்களுக்கு அந்தத் தடை இல்லை. தடை நீங்க வேண்டும் என்றார் போகாக், கூடாது என்றார் செசெல்யா. 2022 டிசம்பரில் தடை நீங்கியது. மசோதா கொண்டுவந்தது லேபர் எம்.பி.க்கள்தான், பெருமை முழுவதையும் இவர் தலையில் கட்ட முடியாது.

கணக்கைப் பாருங்கள். செனட்டில் 76 பேர், பெரும்பான்மைக்கு 39. 2022 தேர்தலுக்குப் பிறகு ஆளும் லேபர் 26, கிரீன்ஸ் 12, ஆக 38. ஒன்று குறைகிறது! தொழிலாளர் சட்ட மசோதா வந்தபோது அந்த ஒரு ஓட்டைக் கொடுக்க, வேலையில்லாதோர் உதவித்தொகை பற்றி ஒவ்வொரு பட்ஜெட்டுக்கும் முன்னால் ஆலோசனை சொல்ல ஒரு குழு வேண்டும் என்று கேட்டு வாங்கினார். குழு வந்தது, தொகையை நன்றாக உயர்த்தச் சொன்னது. 2023 பட்ஜெட்டில் அரசு கூட்டியது இரண்டு வாரத்துக்கு 40 டாலர். அவ்வளவு பெரிய பேரத்துக்கு இது குறைவு என்பது என் கருத்து.

2025-ல் மறுபடி நின்றார். முதல் விருப்ப ஓட்டிலேயே சுமார் 39 சதவீதம், லேபரையே தாண்டி முதலிடம். வேடிக்கை என்னவென்றால், இந்த முறை லேபரும் கிரீன்ஸும் சேர்ந்தாலே 39 வந்துவிட்டது. ஓட்டு ஏறியது, பேரம் பேசும் பலம் இறங்கியது.

ஆனாலும் ஆள் அடங்கவில்லை. சூதாட்ட விளம்பரங்களைத் தடை செய்யக் கேட்டுத் தொடர்ந்து குடைந்துகொண்டிருக்கிறார். நாடாளுமன்றத்துக்குள் எம்.பி.க்கள் விளையாட ஒரு விளையாட்டுக் கழகம் இருக்கிறது. சூதாட்ட நிறுவனங்களுக்காக வாதாடும் அமைப்பு அதில் எப்படிப் பணம் கட்டி உறுப்பினராக இருக்கலாம் என்று கேட்டார். 2025 அக்டோபரில் கழகம் அவரையே நீக்கிவிட்டது. உலகக் கோப்பை இறுதி ஆட்டம் ஆடிய ஆளையே!