ஏழு எண்கள், மூன்று பேர்: ஹார்லெம் தொகுதியின் கதை

நேயர்களுக்கு வணக்கம்.

அமெரிக்கக் காங்கிரஸ் என்று சொல்லத் தொடங்கியதுமே நம் ஊரில் பலருக்குக் கதர்ச் சட்டைதான் கண்முன் வரும். அரசியல் பாடம் நடத்திய காலம் முழுவதும் இந்தக் குழப்பத்தோடு மல்லுக்கட்டியவன் நான். அங்கே காங்கிரஸ் என்பது கட்சியல்ல, நாடாளுமன்றம். அதன் கீழவைக்குப் பிரதிநிதிகள் சபை என்று பெயர். 435 உறுப்பினர்கள், ஆளுக்கொரு தொகுதி, இரண்டே ஆண்டுப் பதவிக்காலம். பத்தாண்டுக்கு ஒருமுறை மக்கள்தொகைக் கணக்கெடுப்பு முடிந்ததும் எல்லைகளைத் திருத்தி வரைவார்கள். தொகுதிகளுக்குப் பெயர் கிடையாது, எண் மட்டுமே உண்டு. எல்லை மாறும்போது பல நேரம் எண்ணும் மாறிவிடும்.

சில ஆண்டுகளுக்கு முன் மகள் வீட்டுக்குப் போயிருந்தபோது, நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் 125ஆவது தெருவில் நடந்துகொண்டிருந்தேன். நடைபாதையில் ஊதுவத்தியும் உடம்புக்குப் பூசும் எண்ணெயும் விற்றுக்கொண்டிருந்த பெரியவரிடம், "இது எத்தனையாவது காங்கிரஸ் தொகுதி?" என்று கேட்டேன். என்னை ஏற இறங்கப் பார்த்தார். எண் அவருக்குத் தெரியவில்லை. "ரேங்கலுடையது" என்றார். அந்தத் தொகுதியின் காங்கிரஸ் உறுப்பினராக நெடுங்காலம் இருந்த ரேங்கல் ஓய்வு பெற்று இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்த நேரம் அது. அவருடைய கடைக்கு எதிரே, அரசு அலுவலகக் கட்டடத்தின் முற்றத்தில், கோட்டு காற்றில் பறக்க ஒரு மேட்டில் விறுவிறுவென்று ஏறும் கோலத்தில் ஒரு வெண்கலச் சிலை நிற்கிறது. அந்தச் சிலைக்குரியவரின் பெயர் ஆடம் கிளேட்டன் பவல். கட்டடத்துக்கும் அவர் பெயர்தான், அருகில் குறுக்கே ஓடும் சாலைக்கும் அவர் பெயர்தான்.

1944 தேர்தலில் பவல் வென்றார். அன்று தொடங்கி 2016 வரை, அதாவது 72 ஆண்டுகளில், இந்தத் தொகுதி அனுப்பிய ஆட்கள் இரண்டே பேர். பவலும் ரேங்கலும். ஆனால் அந்தக் காலத்துக்குள் தொகுதியின் எண் 22, 16, 18, 19, மறுபடி 16, பிறகு 15, கடைசியாக 13 என்று மாறிக்கொண்டே வந்தது. ஊதுவத்திக்காரருக்கு எண் தெரியாமல் போனதில் வியப்பென்ன?

1944க்கு முன் ஹார்லெமுக்கு ஏன் கறுப்பினப் பிரதிநிதி இல்லை என்று கேட்டால், விடை வரைபடத்தில் இருக்கிறது. தெற்கு மாநிலங்களின் கொடுமை தாங்காமல் லட்சக்கணக்கான கறுப்பின மக்கள் வடக்கு நகரங்களுக்குக் குடிபெயர்ந்த காலம் அது. ஹார்லெம் அவர்களுடைய தலைநகராகவே ஆகிவிட்டது. தொகுதி எல்லைகளோ 1911இல் வரைந்தபடியே கிடந்தன. ஆட்கள் வந்து நிரம்பினார்கள், கோடு அசையவில்லை. அவர்களுடைய வாக்கு அக்கம்பக்கத்துத் தொகுதிகளில் சிதறிப்போயிற்று. முப்பது ஆண்டுக்கு மேல் கழித்து மாநிலம் எல்லைகளைத் திருத்தியபோதுதான் ஹார்லெமை ஒன்றாக வைத்து ஒரு தொகுதி பிறந்தது. 22ஆவது தொகுதி.

அந்த இடத்துக்கு ஆள் ஏற்கெனவே தயாராக இருந்தார். 138ஆவது தெருவில் உள்ள அபிசீனிய பாப்டிஸ்ட் தேவாலயத்தின் போதகர் பவல். தந்தைக்குப் பின் 1937இல் அந்தப் பொறுப்புக்கு வந்தவர். வேதம் ஓதிவிட்டு வீட்டுக்குப் போகும் போதகரில்லை. 125ஆவது தெருக் கடைகளில் வாங்குபவர்கள் கறுப்பர்கள், ஆனால் வேலைக்கு மட்டும் கறுப்பர்களை வைக்கமாட்டார்கள். "வேலை தராத கடையில் வாங்காதே" என்ற மறியலில் முன்னணியில் நின்றார். 1941இல் ஹார்லெமில் பஸ் புறக்கணிப்பு நடத்தி, கறுப்பின ஓட்டுநர்களை வேலைக்கு எடுக்கப் பஸ் நிறுவனங்களை ஒப்புக்கொள்ள வைத்தார். அதே ஆண்டு நகர மன்றத்துக்குத் தேர்வானார். 1944இல் ஜனநாயகக் கட்சி, குடியரசுக் கட்சி இரண்டுமே அவரையே வேட்பாளராக்கும் நிலை வந்தது. எதிர்த்து நிற்க ஆளில்லை.

1945 ஜனவரியில் அவர் வாஷிங்டனில் பதவியேற்றபோது சபையில் இருந்த இன்னொரு கறுப்பின உறுப்பினர் சிகாகோவின் வில்லியம் டாசன் ஒருவர்தான். டாசன் அமைதியானவர், உள்ளிருந்தே காரியம் பார்ப்பவர். பவல் நேர்மாறு. உறுப்பினர்களின் உணவகத்தில் கறுப்பர்கள் உட்காரக்கூடாது என்பது எழுதப்படாத வழக்கம். முடிதிருத்தும் அறையும் அப்படித்தான். பவல் நேராகப் போய் உட்கார்ந்தார். அதோடு விடவில்லை. தன் அலுவலகத்துக் கறுப்பின ஊழியர்களையும், பசித்தாலும் பசிக்காவிட்டாலும், அங்கே போய்ச் சாப்பிடச் சொன்னார். மிசிசிப்பியின் ஜான் ராங்கின் என்ற உறுப்பினர், பவல் தன் பக்கத்தில் உட்கார்ந்தால் அது அவமானம் என்று பேசியவர். பவல் சபைக்குள் நுழைந்ததும் ராங்கின் எங்கே இருக்கிறார் என்று தேடிப் பிடித்து அருகில் அமர்வார். ராங்கின் எழுந்து வேறு இருக்கைக்குப் போவார். பவல் அங்கேயும் போவார் என்று சொல்வார்கள். நினைத்துப் பாருங்கள், இரண்டு வளர்ந்த மனிதர்கள், நாட்டின் சட்டமன்றத்தில், நாற்காலி விளையாட்டு! ஆனால் இதில் யாருடைய மானம் போயிற்று என்பதைப் பார்த்துக்கொண்டிருந்தவர்கள் அறிவார்கள்.

பவலின் பெரிய ஆயுதம் ஒரே ஒரு வாக்கியம். எந்த நிதி மசோதா வந்தாலும், இனப்பாகுபாடு காட்டும் நிறுவனத்துக்கு மத்திய அரசின் பணம் கிடையாது என்று ஒரு திருத்தம் கொண்டுவருவார். "பவல் திருத்தம்" என்றே அதற்குப் பெயர் வந்துவிட்டது. நண்பர்களுக்கே எரிச்சல். 1956இல் பள்ளிகளுக்கான நிதி மசோதாவில் இத்திருத்தம் ஏறியது. அதற்கப்புறம் மசோதாவே தோற்றுப்போனது. பவலால் பிள்ளைகளின் பள்ளிக்கூடம் போயிற்று என்று முற்போக்காளர்களே சபித்தார்கள். அவர்கள் சபித்ததில் நியாயம் இல்லாமலில்லை. ஆனால் 1964இல் இனப்பாகுபாட்டைத் தடை செய்யும் குடிமை உரிமைகள் சட்டம் வந்தபோது அதன் ஆறாம் பகுதியில் அதே கருத்து சட்டமாக உட்கார்ந்திருந்தது. தெற்கின் பள்ளிகளும் மருத்துவமனைகளும் கதவைத் திறந்ததற்கு அந்தப் பகுதி ஒரு முக்கியக் காரணம்.

1961இல் கல்வி, தொழிலாளர் குழுவின் தலைவரானார். குறைந்தபட்ச ஊதியம், வறுமை ஒழிப்பு, பள்ளிகளுக்கு மத்திய நிதி என்று கென்னடி, ஜான்சன் காலத்தின் பெரிய சட்டங்கள் பல அவர் மேசையைத் தாண்டித்தான் போயின. நிலவு முழுமையானது அந்த ஆண்டுகளில்தான். தேயத் தொடங்கியதும் அப்போதே.

தொலைக்காட்சிப் பேட்டி ஒன்றில், ஹார்லெமைச் சேர்ந்த ஒரு மூதாட்டி போலீசுக்காக மாமூல் பணம் வசூலித்துத் தருபவர் என்று சொல்லிவிட்டார். அந்த அம்மையார் அவதூறு வழக்குப் போட்டு வென்றார். பவல் பணம் கட்டவில்லை, நீதிமன்றத்துக்கும் வரவில்லை. நியூயார்க்கில் கால் வைத்தால் கைது. ஆனால் அந்த ஊர்ச் சட்டப்படி சிவில் வழக்கில் ஞாயிற்றுக்கிழமை கைது செய்ய முடியாது! ஆகவே ஞாயிறுதோறும் விமானத்தில் வந்து, தேவாலயத்தில் பிரசங்கம் செய்துவிட்டு, பொழுது விடிவதற்குள் போய்விடுவார். தன் தொகுதிக்கே ஞாயிற்றுக்கிழமை விருந்தாளி. மற்ற நாள்களில் பஹாமாவின் பிமினித் தீவு, தூண்டில், டொமினோ ஆட்டம். குழுப் பணத்தில் உல்லாசப் பயணம் போனார், மனைவியை வேலை பார்க்காமலே சம்பளப் பட்டியலில் வைத்தார் என்ற குற்றச்சாட்டுகளும் சேர்ந்தன. அவற்றில் பெரும்பாலும் உண்மைதான். அவரைப் புனிதராக்க எனக்கு விருப்பமில்லை.

1967 ஜனவரியில் குழுத் தலைவர் பதவி பறிபோயிற்று. விசாரித்த குழு, கண்டனமும் 40,000 டாலர் அபராதமும் போதும் என்றது. சபை கேட்கவில்லை. மார்ச் 1ஆம் தேதி, 307க்கு 116 என்ற வாக்கில், அவரை உள்ளே சேர்க்கவே கூடாது என்று தீர்மானித்தது. இடம் காலி என்று அறிவிக்கப்பட்டு ஏப்ரல் 11இல் சிறப்புத் தேர்தல் வந்தது. மிசிசிப்பிப் பல்கலைக்கழகத்தில் முதல் கறுப்பின மாணவராக நுழைந்து பெயர் பெற்ற ஜேம்ஸ் மெரிடித்தைக் குடியரசுக் கட்சி நிறுத்தப் பார்த்தது, அவர் விலகிக்கொண்டார். பவல் பிமினியை விட்டு அசையவில்லை. ஒரு கூட்டம் பேசவில்லை, ஒரு கை குலுக்கவில்லை. நூற்றுக்கு 86 வாக்கு அவருக்கு விழுந்தது.

வேட்பாளர் ஊரிலேயே இல்லாமல் இப்படி ஒரு வெற்றி எதற்காக? பவல் யோக்கியர் என்று சான்றிதழ் தருவதற்காக ஹார்லெம் வாக்களித்ததாக எனக்குத் தோன்றவில்லை. எங்கள் ஆளை வெளியேற்றுவது என்றால் அதை நாங்கள்தான் செய்ய வேண்டும், நீங்களல்ல என்று சபைக்குச் சொன்னார்கள். எத்தனையோ வெள்ளை உறுப்பினர்கள் செய்ததைத்தானே இவரும் செய்தார், இவரை மட்டும் ஏன் என்ற கோபமும் அதில் இருந்தது. வென்றும் பவல் சபையில் போய் அமரவில்லை. ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் ஹார்லெமுக்குப் பிரதிநிதியே இல்லை. 1968 நவம்பரில் மறுபடி நின்றார், மறுபடி வென்றார். 1969 ஜனவரியில் 25,000 டாலர் அபராதம் விதித்து, பணிமூப்பையும் பறித்துக்கொண்டு, சபை உள்ளே விட்டது.

வழக்கு உச்ச நீதிமன்றத்தில் இருந்தது. 1969 ஜூன் 16இல் தீர்ப்பு. தலைமை நீதிபதி ஏர்ல் வாரன் பணி ஓய்வுக்கு ஒரு வாரம் இருக்கும்போது எழுதியது. உறுப்பினராக அரசியல் சட்டம் கேட்கும் தகுதிகள் மூன்று: 25 வயது, ஏழு ஆண்டுக் குடியுரிமை, தேர்வாகும் மாநிலத்தில் குடியிருப்பு. இவை மூன்றும் உள்ளவரை, மக்கள் தேர்ந்தெடுத்தபின், வாசலிலேயே திருப்பி அனுப்பச் சபைக்கு அதிகாரமில்லை. உள்ளே சேர்த்த பிறகு, மூன்றில் இரண்டு பங்கு வாக்கோடு வெளியேற்றலாம், அது வேறு. இதற்கு நீதிமன்றம் தேடிப்போன முன்னுதாரணம் எது தெரியுமா? இங்கிலாந்தின் ஜான் வில்க்ஸ். 1769இல் மிடில்செக்ஸ் மக்கள் அவரைத் தேர்ந்தெடுக்கத் தேர்ந்தெடுக்க, பிரிட்டிஷ் நாடாளுமன்றம் தள்ளித் தள்ளிவிட்டு, தோற்ற ஆளை உட்கார வைத்தது. 1782இல் தன் தவற்றை உணர்ந்து அந்தத் தீர்மானத்தைப் பதிவேட்டிலிருந்தே நீக்கியது. 1769க்குச் சரியாக 200 ஆண்டு கழித்து, ஒரு கறுப்பினப் போதகருக்கு அந்த வெள்ளைக்காரப் போக்கிரி துணைக்கு வந்தார்.

சபை செய்ய முடியாததை மறு ஆண்டே ஹார்லெம் செய்துவிட்டது. 1970 ஜூன். ஜனநாயகக் கட்சியின் உட்கட்சித் தேர்தல். அந்த ஊரில் அதில் வென்றால் பொதுத் தேர்தல் வெறும் சடங்கு. ஐந்து பேர் போட்டி. பவல் தோற்றார், 150 வாக்கில். ஒரு தெருவின் இரண்டு மூன்று அடுக்குமாடிக் கட்டடங்களில் இருக்கும் வாக்கு அவ்வளவுதான். சபைக்கு ஒழுங்காக வராதவரை, ஊருக்கும் வராதவரை, நோயும் வாட்டியவரை மக்கள் வீட்டுக்கு அனுப்பினார்கள். 1972 ஏப்ரலில் மயாமியில் அவர் இறந்தார். சாம்பலைப் பிமினிக் கடலில் தூவினார்கள்.

வென்றவர் சார்லஸ் ரேங்கல். ஹார்லெமிலேயே பிறந்து, பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டுப் படையில் சேர்ந்தவர். 1950 நவம்பரில் கொரியாவின் குனுரியில் சீனப் படை சூழ்ந்துகொண்ட இரவில், காயத்தோடு நாற்பது வீரர்களை மலை தாண்டி நடத்திக்கொண்டு வந்தவர். ஊர் திரும்பி, ஹார்லெமின் தெரசா ஹோட்டலில் முன்மேசைக் குமாஸ்தாவாக வேலை பார்த்தார். பிறகுதான் கல்லூரி, சட்டம், மாநிலச் சட்டமன்றம். பவலின் வெடி ரேங்கலிடம் இல்லை. கட்டைக் குரல், நகைச்சுவை, கணக்கு இவைதான் இருந்தன. வரி விதிக்கும் குழுவில் சேர்ந்து, காங்கிரஸில் அதைவிடச் செல்வாக்கான இடமில்லை என்பதால், அங்கேயே உட்கார்ந்துவிட்டார். தென்னாப்பிரிக்காவில் தொழில் நடத்திய அமெரிக்க நிறுவனங்களுக்கு இருந்த வரிச் சலுகையை 1987இல் பறித்தது அவர் கொண்டுவந்த திருத்தம். வரிக் காகிதத்தில் இனவெறிக்கு ஓர் அடி. 2007இல் அந்தக் குழுவுக்கே தலைவரானார், கறுப்பினத்தவரில் முதலாமவர்.

வரி எழுதும் குழுவின் தலைவர், டொமினிக்கன் குடியரசில் தனக்கிருந்த கடற்கரை வீட்டின் வாடகைக்கு வரி கட்டவில்லை என்பது பின்னர் தெரிந்தது. வேறு குற்றங்களும் சேர, 2010 டிசம்பர் 2இல் சபை 333க்கு 79 என்று அவரைக் கண்டித்தது. நடுக்கூடத்தில் நின்று கேட்டுக்கொண்டார். அதே ஆண்டு உட்கட்சித் தேர்தலில் அவரை எதிர்த்து நின்றவர்களில் ஒருவர் பவலின் மகன், பெயரும் ஆடம் கிளேட்டன் பவல்தான். 1994இலும் நின்று பார்த்தவர். இரண்டு முறையும் தந்தையின் பெயர் போதவில்லை.

ரேங்கலை ஆட்டியது கண்டனமல்ல, கோடு. 2012இல் மாநிலச் சட்டமன்றத்தில் ஒருமித்த கருத்து வராமல் நீதிமன்றமே எல்லை வரைந்தது. தொகுதி ஆற்றைத் தாண்டி, நகரின் இன்னொரு பகுதியான பிராங்ஸுக்குள் நீண்டது. ஸ்பானிய மொழிக்காரர்கள் பெரும்பான்மையானார்கள். அட்ரியானோ எஸ்பய்யாட் என்ற மாநில செனட்டர் எதிர்த்து நின்றார். ஏறத்தாழ ஆயிரம் வாக்கில் ரேங்கல் தப்பினார். 2014இலும் தப்பினார். 2016இல் அவர் ஒதுங்கிக்கொள்ள, எஸ்பய்யாட் வென்றார். டொமினிக்கன் குடியரசில் பிறந்து, ஒன்பது வயதில் சுற்றுலா விசாவில் வந்து, விசா முடிந்த பின்னும் தங்கிவிட்ட குடும்பம். ஆவணமின்றி வாழ்ந்த ஒருவர் காங்கிரஸுக்குள் நுழைந்தது அதுவே முதல் முறை. ரேங்கலின் கடற்கரை வீடு இருந்த அதே நாடு என்பது தற்செயல்தான். ஆனால் ஹார்லெமில் யாரும் அதைச் சொல்லிச் சிரிக்காமல் இருந்திருக்கமாட்டார்கள்.

கறுப்பினத்தின் தலைநகரம் தன் இடத்தை இழந்துவிட்டதா என்று அப்போது பலர் வருந்தினார்கள். 1944இல் கோடு திருந்தியபோது தங்கள் ஆள் கிடைத்த மகிழ்ச்சியும் இதே கணக்கிலிருந்துதான் வந்தது என்பதை நினைத்தால், அந்த வருத்தத்தை என்னால் முழுதாகப் பகிர்ந்துகொள்ள முடியவில்லை.

ரேங்கல் 2025 மே மாதம், 94 வயதில் காலமானார். அதற்கு மூன்று ஆண்டு முன்னரே, 2022இல், எல்லைகளை மறுபடி வரைந்திருந்தார்கள். இந்த முறை எண் மாறவில்லை. இப்போதும் 13தான்.

வணக்கம்.