சட்டத்தை மீறும் நிறுவனத்தின் பட்டயத்தைப் பறிக்க அரசுக்கு அதிகாரம் வேண்டும்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

"தவறு செய்த நிறுவனத்துக்கு அபராதம் போடுங்கள், அது போதும்" என்று எதிரணித் தலைவர் சொல்லி அமர்ந்தார். நிறுவனத்தை உருவாக்க அரசு தரும் அனுமதிப் பத்திரம்தான் பட்டயம்; அதையே பறிக்கும் அதிகாரம் வேண்டும் என்கிறோம் நாங்கள். போதுமா என்று கலிபோர்னியாவைக் கேட்போம். 2010இல் அங்கே சான் புருனோ நகரில், எரிவாயுவும் மின்சாரமும் வழங்கும் பிஜி அண்ட் இ நிறுவனத்தின் எரிவாயுக் குழாய் வெடித்து 8 பேர் இறந்தார்கள். குழாய்ப் பாதுகாப்புச் சட்டத்தை மீறியதாக 2016இல் அந்த நிறுவனம் குற்றவாளி என்று தீர்ப்பானது. அபராதம் விதித்தார்கள், நன்னடத்தைக் கண்காணிப்பில் வைத்தார்கள். அந்தக் கண்காணிப்பு முடிவதற்குள்ளேயே, 2018இல், அதன் பழைய மின்பாதையில் கிளம்பிய தீ பாரடைஸ் என்ற ஊரை எரித்துத் தீர்த்தது. 84 பேரின் சாவுக்குத் தானே குற்றவாளி என்று 2020இல் நிறுவனம் நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டது. இழப்பீடு தனிக் கணக்கு. குற்றத்துக்கான தண்டனை சுமார் 35 லட்சம் டாலர் அபராதம். சட்டம் அனுமதித்த உச்சவரம்பே அவ்வளவுதான்! ஒரு மனிதர் இப்படி ஒப்புக்கொண்டிருந்தால் வீட்டுக்கு அனுப்பியிருப்பார்களா?

நிறுவனத்தை நாம்தான் ஆள் ஆக்கினோம். போட்ட முதலுக்கு மேல் பங்குதாரர் கடனுக்குப் பொறுப்பில்லை, முதலாளி இறந்தாலும் நிறுவனம் சாகாது என்ற சலுகைகள் எல்லாம் பொதுமக்களின் சட்டம் பட்டயத்தின் வழியே கொடுத்தவை. கொடுத்தவர்களுக்குத் திரும்பப் பெறவும் உரிமை உண்டு.

இது புதிய ஆசையும் அல்ல. சர்க்கரை ஆலைகளின் ஏகபோகக் கூட்டில் சேர்ந்த ஓர் ஆலை நிறுவனத்தைக் கலைத்தது செல்லும் என்று நியூயார்க் மேல்முறையீட்டு நீதிமன்றம் 1890இலேயே தீர்ப்பளித்தது. அமெரிக்கப் பெருநிறுவனங்கள் விரும்பிப் பதிவு செய்துகொள்ளும் டெலவர் மாநிலத்தின் சட்டத்திலும், 284ஆம் பிரிவில், இந்த அதிகாரம் இருக்கிறது. ஏட்டில் தூங்குகிறது, அதுதான் என் கோபம்.

நிறுவனம் விழுந்தால் தொழிலாளிதான் அடிபடுவான் என்று எதிரணியினர் ஆர்தர் ஆண்டர்சனைக் காட்டினார்கள். 2002இல் அந்தத் தணிக்கை நிறுவனம் குற்ற வழக்கில் சிக்கிச் சரிந்து, அமெரிக்காவில் மட்டும் சுமார் 28,000 பேரின் வேலை ஆட்டம் கண்டது. 2005இல் உச்ச நீதிமன்றம் தண்டனையையே ரத்து செய்தது. வேதனையான கதை, மறுக்கவில்லை. ஆனால் அங்கே யாரும் பட்டயத்தைப் பறிக்கவில்லை. வழக்கு வந்ததும் வாடிக்கையாளர்கள் விலகினார்கள், தண்டனைக்குப் பின் தணிக்கை உரிமையும் போனது, தாங்கிப் பிடிக்க ஆளில்லாமல் விழுந்தது. டெலவர் சட்டப்படி பட்டயம் பறிபோனால் நீதிமன்றமே பொறுப்பாளரை நியமித்து விவகாரங்களை முடித்துவைக்கலாம். பிஜி அண்ட் இ போன்ற நிறுவனத்தின் மின்கம்பமும் கம்பியும் அவற்றைப் பழுதுபார்க்கும் தொழிலாளியும் வேறொரு பொறுப்பான நிர்வாகத்தின் கீழ் போகலாம். கடன்காரர்களுக்குக் கொடுத்த பிறகுதான் பங்குதாரர் கை நீட்ட முடியும். எங்கள் அணி கேட்பது இந்த ஒழுங்கான முடிவைத்தான்.

ஆட்சியாளர் பழிவாங்கப் பயன்படுத்துவார் என்ற அச்சம் நியாயமானது. அதனால்தான் முடிவு நீதிமன்றத்தின் கையில் இருக்கிறது. துப்பாக்கி வைத்திருப்போர் உரிமைக்காகக் குரல் கொடுக்கும் அமெரிக்கத் தேசியத் துப்பாக்கிச் சங்கத்தைக் கலைக்கக் கோரி நியூயார்க் அரசுத் தலைமை வழக்கறிஞர் 2020இல் வழக்குத் தொடுத்தார். 2022இல் நீதிபதி அந்தக் கோரிக்கையை மட்டும் தள்ளுபடி செய்து, மற்றக் குற்றச்சாட்டுகளின் விசாரணையைத் தொடரவிட்டார். கடிவாளம் வேலை செய்தது.

நடுவர் அவர்களே, உயிர்ப்பலி வாங்கிய குற்றத்தில் தண்டனை பெற்ற நிறுவனம் மறுபடியும் உயிர்ப்பலி வாங்கினால், பட்டயப் பறிப்பு வழக்கை அரசு தொடுத்தே ஆக வேண்டும். தொடுக்காவிட்டால் காரணத்தை மக்களுக்கு எழுத்தில் தர வேண்டும். இதை ஏற்றுத் தீர்ப்பளியுங்கள். நன்றி, வணக்கம்.