அந்த இடத்து வெளிச்சம்

நேயர்களுக்கு வணக்கம். டொக்கியுமென்டரியும் எடுக்கிறீங்க, சரித்திர நாடகமும் எடுக்கிறீங்க, ரெண்டும் எதிரும் புதிருமான வேலையாச்சேன்டு நிகழ்ச்சிக்குக் கூப்பிட்ட தங்கச்சி கேட்டாங்க. எனக்கு ரெண்டும் ஒரே வேலைதான், அது எப்படின்டு சொல்லத்தான் வந்திருக்கிறன்.

என்ட முதல் டொக்கியுமென்டரி முகத்துவாரத்தில, விடிய நாலு மணி, வள்ளங்கள் கரைக்கு வாற நேரம். நான் புதுசு, பெரிய லைட் ரெண்டைக் கொண்டுபோய் நிப்பாட்டி ஓன் பண்ணினன், அவ்வளவுதான், வலையை உதறிக்கொண்டு கதைச்சுச் சிரிச்சுக்கொண்டு நின்ட ஆக்கள் எல்லாரும் கல்யாண வீட்டு போட்டோவுக்கு நிக்கிற மாதிரி விறைச்சுப்போயிட்டாங்க. ஒரு ஐயா வந்து, "தம்பி அதை நூத்துங்க, கண் கூசுது"ன்டார். நூத்தினன். பாத்தா அவங்கட பெற்றோமக்ஸ் ஒன்டு வள்ளத்து விளிம்பில இருந்து முகத்தில பாதியை மட்டும் காட்டுது, மிச்சமெல்லாம் இருட்டு, மீன் செதிள் மட்டும் மினுங்குது. அப்படியே எடுத்தன். எந்த இடத்துக்கும் சொந்தமா ஒரு வெளிச்சம் இருக்கு, முதல்ல அதைத் தேடோணும்டு அன்டைக்குத்தான் விளங்கினது.

இதை எனக்கு எவ்வளவோ முந்தி இந்த நாட்டில செஞ்சு காட்டினவர் வில்லி பிளேக். 1948ல தொடங்கின அரசாங்கத் திரைப்படப் பிரிவில டொக்கியுமென்டரி எடுத்த கமராமேன். அந்தக் காலத்தில சிங்களப் படம்ன்டா தென்னிந்திய ஸ்டூடியோவில செட் போட்டு எடுக்கிறதுதான் வழக்கம், 1947ல வந்த முதல் சிங்களப் பேசும்படமே மதுரையில எடுத்தது, தயாரிச்சவர் எஸ்.எம்.நாயகம், நம்ம தமிழாள். அப்படியிருந்த நேரம் பிளேக், டைரக்டர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், எடிட்டர் டைட்டஸ் தொட்டவத்த மூன்டு பேரும் அரசாங்க உத்தியோகத்தை விட்டுட்டு வெளியில வந்து 'ரேகாவ' எடுத்தாங்க, ஊருக்குள்ள, உண்மையான வெயில்ல. 1957ல அது பிரான்ஸில நடக்கிற கான் திரைப்பட விழாப் போட்டிக்கே போச்சு. 1960ல 'சந்தேசய', போர்த்துக்கேயர் காலத்துக் கதை. 1963ல 'கம்பெரலிய', என்னைக் கேட்டா பிளேக்கிட பெரிய வேலை அதுதான், ஸ்டூடியோப் பக்கமே போகாம தெற்கில ஒரு பழைய பெரிய வீட்டுக்குள்ள, ஒரே ஒரு லாம்பும் கையில பிடிக்கிற லைட்டுகளும் வச்சு எடுத்தது. பாக்கிற நேரம் பழைய காலத்தை ஜோடிச்சு வச்ச மாதிரியே இருக்காது, அந்த வீட்டு விறாந்தையில நாமளும் போய் இருந்த மாதிரி இருக்கும். டொக்கியுமென்டரி பழகின கண்ணாலதான் அது வந்ததுன்டு நான் நம்புறன்.

இப்போ சரித்திர நாடகம் எடுக்கிறவங்க உடுப்பு, வாள், நகை எல்லாத்தையும் பாத்துப் பாத்துச் செய்யிறாங்க, வெளிச்சத்தை விட்டுடுறாங்க. ராசாட அறையில தேங்காயெண்ணெய் விளக்கு ஒன்டுதான் எரியுது, ஆனா முகட்டில இருந்து நீல வெளிச்சம் கொட்டுது, எங்கேயிருந்து வருது அது? வெளிச்சத்திட நிறத்தை கெல்வின்டு ஒரு அலகால அளப்பம், குறைஞ்சா மஞ்சள், கூடினா நீலம். விளக்குட நிறம் கிட்டத்தட்ட 1900 கெல்வின், பகல் வெளிச்சம் 5600. ரெண்டுக்கும் அவ்வளவு தூரம். நான் செய்யிறது, விளக்குக்குப் பின்னால சின்ன லைட் ஒன்டை மறைச்சு வச்சு வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கிற டிம்மரால கொஞ்சமா நடுங்க விடுறது, மூலைகளை இருட்டாவே விட்டுடுறது. பழைய கோட்டைகளுக்குள்ள எடுக்கிறதுக்கு தொல்பொருள் திணைக்களத்திட அனுமதி வேணும், சுவரில ஆணி அடிக்க ஏலாது, சரியாத்தான் சொல்றாங்க, அந்தச் சுவர் போனா நாம எதைப் படம் பிடிக்கிறது.

வெளியில இன்னும் கஷ்டம். ஏப்ரல் முதல் கிழமையளவில கொழும்பில சூரியன் நேர உச்சந்தலைக்கு மேல வரும், மத்தியானம் எடுத்தா கண் ரெண்டும் குழிக்குள்ள கறுத்துப்போகும், அதால 11 மணிக்கு நிப்பாட்டி 3 மணிக்குத்தான் திரும்பத் தொடங்குவன், இதுக்காக ஒரு தயாரிப்பாளர் ஒரு கிழமை என்னோட கதைக்கவே இல்ல. பொழுதுபட்டா இருபது நிமிசம்தான் அந்தி. அந்த இருபது நிமிசத்துக்காக நாள் முழுக்கக் காத்திருக்கலாம், முகத்துவாரத்தில அப்படித்தான் பழகினன்.

கடைசியா ஒன்டு கேக்கோணும். அந்தப் பழைய படங்களில கமராமேன்ட பேர் வரும், லைட் தூக்கின ஆக்கள், ட்ரொலி தள்ளின ஆக்கள் எத்தனையோ பேருட பேர் வராது. உங்கட அப்பாவோ தாத்தாவோ அப்படி வேலை செஞ்சிருந்தா, வீட்டில ஒரு போட்டோ கிடந்தாலும், இந்த நிகழ்ச்சிக்கு அறிவிச்சிடுங்க, நானே வீட்டுக்கு வந்து பாக்கிறன்.