இந்திரனுக்கு சிரியாவில் என்ன வேலை?

தலைவர் அவர்களே, நண்பர்களே,

ஆரியர் என்று மேடையில் சொன்னாலே நம் ஊரில் பாதிப் பேர் நிமிர்ந்து உட்காருகிறார்கள், மீதிப் பேர் வாசலைப் பார்க்கிறார்கள். ஆகவே சிந்துவையும் கங்கையையும் கொஞ்ச நேரம் தள்ளி வைத்துவிட்டு, உங்களைத் துருக்கிக்கு அழைத்துப் போகிறேன்.

அங்காராவுக்குக் கிழக்கே பொகாஸ்கோய் என்றொரு கிராமம். ஹிட்டைட் பேரரசின் தலைநகரான ஹத்துசா அங்கேதான் புதைந்து கிடந்தது. 1906இல் ஹ்யூகோ விங்க்ளர் என்ற ஜெர்மானிய அறிஞர் தோண்டத் தொடங்கியபோது ஆயிரக்கணக்கான களிமண் பலகைகள் வெளியே வந்தன. அவற்றில் ஓர் உடன்படிக்கை இருந்தது. கி.மு. 14ஆம் நூற்றாண்டில் ஹிட்டைட் மன்னன் சுப்பிலுலியுமாவும் வட சிரியாவை ஆண்ட மிட்டனி நாட்டின் சத்திவாசாவும் செய்துகொண்டது. இரு தரப்புத் தெய்வங்களும் சாட்சி. மிட்டனியின் சாட்சிகளில் மித்திரன், வருணன், இந்திரன், நாசத்தியர் ஆகியோர் இருக்கிறார்கள். நாசத்தியர் என்றால் அசுவினி தேவர்கள். ரிக் வேதத்தின் பத்தாம் மண்டலத்தில் வாக்கு என்னும் தேவி தன்னைப் புகழ்ந்து பாடும் பாட்டின் முதல் செய்யுளைப் பாருங்கள். மித்திர வருணர், இந்திரன், அசுவினிகள் என்று இதே வரிசைதான். இடையில் அக்கினி மட்டும் கூடுதலாக நிற்கிறான்.

வேத மொழியும் சமஸ்கிருதமும் சேர்ந்த இந்தோ ஆரிய மொழிக் கிளைக்கு நம்மிடமுள்ள மிகப் பழைய எழுத்துச் சான்று இதுபோன்ற மேற்காசியப் பலகைகளே. இந்தியாவில் உறுதியாகக் காலம் சொல்லக்கூடிய கல்வெட்டுக்கு அசோகர் வரை, அதாவது இன்னும் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல், காத்திருக்க வேண்டும்.

ஆனால் அந்த நால்வரும் பட்டியலில் எங்கே நிற்கிறார்கள் என்பதையும் கவனியுங்கள். முன்வரிசையில் இல்லை. ஹுர்ரிய மக்களின் இடிக்கடவுள் தெஷுப் முதலியோர் வந்து போன பிறகு, வெகு கீழே நிற்கிறார்கள். மிட்டனி மக்கள் பேசியது ஹுர்ரிய மொழி. அதற்கும் வேத மொழிக்கும் உறவே இல்லை.

அந்நாட்டின் மன்னன் ஒருவனுக்குப் பெயர் துஷ்ரத்தா. 'த்வேஷ ரத', சீறிப் பாயும் தேருடையவன் என்று அறிஞர்கள் விளக்கும் பெயர். மகளுக்கோ தாதுகெபா என்று ஹெபா என்ற ஹுர்ரியப் பெண் தெய்வத்தின் பெயரை வைத்திருக்கிறான். அவளை எகிப்தின் மூன்றாம் அமென்ஹோதெப்புக்கு மணம் முடித்துக் கொடுக்கிறான். சீதனப் பட்டியலின் தலைப்பில் நான்கு நல்ல குதிரைகளும் பொன் வேய்ந்த ஒரு தேரும் இருக்கின்றன. மாப்பிள்ளைக்கு இவன் எழுதிய கடிதங்கள் 1887இல் எகிப்தின் அமர்னாவில் கிடைத்தன. ஒன்றில், 'உன் நாட்டில் பொன் மண்ணைப் போலக் கொட்டிக் கிடக்கிறதே, எனக்கும் அனுப்பு' என்று கூச்சமில்லாமல் கேட்கிறான். சீதனம் கொடுத்த மாமனார் மாப்பிள்ளையிடமே கேட்கும் காட்சி வரலாற்றில் அடிக்கடி கிடைப்பதில்லை! அக்கடிதங்களில் மிக நீண்ட ஒன்று ஹுர்ரிய மொழியில் இருக்கிறது. பெயர் ஆரியம், பேச்சு ஹுர்ரியம்.

அப்படியானால் ஆரிய மொழி அங்கே எதில் மிஞ்சியது? பெரும்பாலும் குதிரை லாயத்தில். மிட்டனியைச் சேர்ந்த கிக்குலி என்ற குதிரைப் பயிற்சியாளன் சொன்ன பாடம் ஹிட்டைட் மொழியில் கிடைத்திருக்கிறது. எப்போது தீனி, எப்போது தண்ணீர், எத்தனை சுற்று ஓட்டம் என்று நாள்வாரியாகப் போகும் பாடம். அதில் சுற்றுகளின் கணக்கு மட்டும் வேறு மொழி: ஐக, தேர, பன்ச, சத்த, நாவ. ஒன்று, மூன்று, ஐந்து, ஏழு, ஒன்பது. வேத மொழிக்கு உடன்பிறப்பான இரானியக் கிளையில் ஒன்று என்பது 'ஐவ'. 'ஐக' என்பது நம் 'ஏக'த்தின் பக்கத்தில் நிற்கிறது.

இந்தத் தேர்த்தொழில் பிறந்த இடம் யூரல் மலைக்குத் தெற்கே என்பதுதான் இன்றைய பெரும்பான்மைக் கருத்து. அங்கே சிந்தஷ்தா பண்பாட்டுக் கல்லறைகளில், ஏறக்குறைய கி.மு. 2000 அளவில், ஆரக்கால் சக்கரத் தேர்களைக் குதிரைகளோடு புதைத்திருக்கிறார்கள். அங்கிருந்து நடு ஆசியா வழியாக ஒரு கிளை மேற்கே சிரியாவுக்கும் இன்னொன்று பஞ்சாபுக்கும் வந்தது. பஞ்சாப் பக்கத்தைப் பொறுத்தவரை 2019இல் வெளியான மரபணு ஆய்வுகளும் இதையே சொல்கின்றன. ஹரியானாவின் ராகிகரியில் புதைக்கப்பட்ட சிந்துவெளிப் பெண்ணிடம் அந்த வடபுலப் புல்வெளி மக்களின் மரபு இல்லை. பிற்காலத்தில் அது இங்கே வந்து கலந்தது.

வந்தார்கள் என்றதும் வாளும் தீயும் நினைவுக்கு வருகின்றன. மொகஞ்சதாரோ எலும்புக்கூடுகளைக் காட்டி, அந்நகரங்களை அழித்தவர்கள் ஆரியர்களே என்று 1947இல் தொல்லியலாளர் மார்டிமர் வீலர் இந்திரனையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றினார். அவை ஒரே நாளில் வெட்டுண்டவர்கள் அல்ல என்று 1964இல் இன்னொரு தொல்லியலாளர் ஜார்ஜ் டேல்ஸ் அந்த வழக்கை உடைத்தார். கி.மு. 1900 வாக்கிலேயே நகரங்கள் நலிந்துவிட்டன.

என் எண்ணத்தில் இரண்டு கிளைகளின் தலைவிதியையும் தீர்மானித்தது இதுதான். சிரியாவில் நகரமும் எழுத்தும் அரண்மனைக் கணக்கரும் வலுவாக இருந்தார்கள். வந்த சிலரை அந்த நாடு தன்னுள் கரைத்துக்கொண்டது. பஞ்சாபில் அப்படிக் கரைக்க வலுவான அரசு மிஞ்சவில்லை. மொழி நிலைத்தது. பேசியவர்கள் கலந்துதான் போனார்கள். ரிக் வேதத்தின் எட்டாம் மண்டலத்தில் ஒரு புலவன், பல்பூதன் என்ற தாசனிடம் நூறு பரிசு பெற்றேன் என்று பாடுகிறான். தாசர் என்பது வேதப் பாடல்கள் பெரும்பாலும் பகைவராகச் சொல்லும் கூட்டம். ஆரியப் பெயரே அல்லாத தாசத் தலைவன் ஒருவன் வேதப் பாட்டுக்குப் புரவலன்! துஷ்ரத்தாவை அப்படியே தலைகீழாக்கினால் பல்பூதன் கிடைப்பான்.

அந்த மொழிக்குடும்பம் கி.மு. கடைசி நூற்றாண்டுகளுக்குள் இலங்கை வரை போய்விட்டது. அனுராதபுரத்தில் பாறையோரம் ஒரு கல்வெட்டு இருக்கிறது. தமிழ் இல்லத்தார் கூடும் மேடை, தமிழன் சமணன் என்பவன் செய்வித்தது என்று சொல்கிறது. யார் யாருக்கு எந்த இருக்கை என்றும் பெயர் பொறித்திருக்கிறார்கள். உயர்ந்த இருக்கை கராவன் என்ற கப்பல் தலைவனுடையது. பொறித்த மொழி அந்தக் குடும்பத்தைச் சேர்ந்த பிராகிருதம். வட இந்தியாவிலிருந்து படையெடுத்து வந்து எவரும் அவர்களிடம் அப்படி எழுதச் சொல்லவில்லை. அனுராதபுரத்தில் கல்லில் பொறிக்கும் மொழி அன்று அதுவாக இருந்தது, தமிழ் வணிகர்கள் அதிலேயே பொறித்தார்கள்.