பாட்டு நாடகத்த ஊமைப் படமாக்கின யெனோ யானோவிச்

வணக்கம். ஹங்கேரி ஊமைப் படம்னா நான் மொதல்ல சொல்ற பேரு யெனோ யானோவிச். நாடக நடிகர், திரைக்கதை எழுதினவர். 1905-லேர்ந்து கொலோஷ்வார் நாடக அரங்கத்தோட இயக்குநர். அந்த ஊரு இப்ப ருமேனியாவுல, பேரு க்ளூஜ்.

1913-ல பாரிஸ்ல இருந்த பாதேங்கற படக் கம்பெனியோட சேந்து 'ஷார்கா சிகோ' எடுத்தாரு. அது ஒரு பாட்டு நாடகம். கிராமத்துக் கதை, மனசுல இருக்கறதெல்லாம் பாட்டாத்தான் வெளிய வரும். சிக்கலே அங்கதான்.

ஏன் பாட்ட எழுத்தா போட்டுட முடியாது? கணக்கு போட்டுப் பாருங்க. ஊமைப் படத்துல காட்சிக்கு நடுவுல வசனத்த எழுதிக் காட்டற அட்டைல ஒரு வார்த்தைக்கு சுமார் ஒரு அடி ஃபிலிம் போகும். ஒரு அடில 16 ஃபிரேம், அதாவது 16 தனித்தனி படம். நொடிக்கு 16 ஃபிரேம்னா ஒரு அடி சரியா ஒரு நொடி. 40 வார்த்தை பாட்டுன்னா 40 நொடி வெறும் எழுத்து! ஜனம் எந்திரிச்சுப் போயிடும். அதனால பாட்ட வெட்டணும், அது சொன்ன துக்கத்த ஒரு நடையிலயோ, மூடற கதவுலயோ வெக்கணும். மேடைல ஒருத்தர் வந்து சொல்ற சேதிய நேராவே காட்டணும். யானோவிச்சோட எழுத்து வேலை இதுதான், இத யாரும் போதுமான அளவு மதிக்கலைங்கறது என் கருத்து.

1914-ல அவர் எழுதின 'தொலோன்ஸ்' பாருங்க. இயக்கினவர் மிஹாய் கெர்டேஸ், பின்னாடி ஹாலிவுட்ல 'காசபிளாங்கா' எடுத்த மைக்கேல் கர்ட்டிஸ். தொலஞ்சே போச்சுன்னு நெனச்ச படம், 2008-ல நியூயார்க்ல கெடச்சுது. அதுல நடிச்ச லிலி பெர்கியோட கையக் கவனிங்க. பாட்டு போன எடத்துல கைதான் பேசுது.

பாக்கும்போது ஒண்ணு. அப்ப கேமராவ கையால சுத்துவாங்க. ஒரு சுத்துக்கு 8 ஃபிரேம், நொடிக்கு ரெண்டு சுத்து. கை சோந்து மெதுவானா படம் வெளுக்கும், ஓட்டும்போது ஆளுங்க ஓடற மாதிரி தெரியும். அந்தக் காலப் படத்த நொடிக்கு 24 ஃபிரேம்ல ஓட்டி ஏத்தின வீடியோன்னா வேகத்த 0.75-ல வைங்க, 18 ஃபிரேம் வரும். மறுசீரமைச்ச பிரதின்னா அதுல கை வைக்காதீங்க, அவங்களே சரி பண்ணியிருப்பாங்க.